பழைய குரலும் புதிய தகடும்



விடுதிப் பொது அறையில் இருந்த ரிக்கார்டு பிளேயரை எங்க செட்டுக்காரர்கள் மறந்திருக்க மாட்டார்கள். ஃபிராங்க் சினாட்ரா 1955-இல் பாடி வெளிவந்த 'இன் தி வீ ஸ்மால் அவர்ஸ்' இசைத்தட்டை அங்கேதான் முதலில் கேட்டேன். வரிக்கு நடுவே அவர் மூச்சு வாங்குவதுகூடக் காதில் விழும்.

வேலைக்குப் போய் சி.டி. பிளேயர் வாங்கியதும், அந்தக் காலப் பாடல்களின் தொகுப்பு ஒன்றைத் தேடிப் பிடித்தேன். போட்டால், குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருகிறது! "டிஜிட்டல்னா உயிர் இருக்காதுப்பா" என்று பல வருஷம் சொல்லித் திரிந்தேன். சொன்னது தப்பு.

சி.டி. ஒலியை நொடிக்கு 44,100 முறை, 16 பிட் அளவில் குறித்துக்கொள்கிறது. மனிதக் காதின் எல்லையான சுமார் 20,000 ஹெர்ட்ஸ் வரை அதில் அடங்கிவிடும். 1950-களின் ஒலிநாடாவுக்கு அந்த இடம் தாராளம். கோளாறு அதற்கு முன்னாலேயே நடந்துவிடுகிறது. மூல நாடாவை விட்டு நகலின் நகலிலிருந்து எடுப்பார்கள்; இரைச்சல் ஏறும். 1960-களில் மோனோ பதிவுகளைப் போலி ஸ்டீரியோ ஆக்கினார்கள், அதையே சி.டி.யில் போட்டவர்களும் உண்டு. இரைச்சலைத் துடைக்கிறோம் என்று பாடகரின் மூச்சையும் துடைத்தார்கள். 1990-களிலிருந்து, எல்லாம் சத்தமாகக் கேட்கணும் என்று மெல்லிய இடத்தையும் உரத்த இடத்தையும் ஒன்றாக்கினார்கள். அப்புறம் அவர் தணிந்து பாடியதற்கு என்ன அர்த்தம்?

இதை இங்கே சொல்லக் காரணம் உண்டு. விடுதி இசைத்தட்டுகளை எம்.பி.3 ஆக்கிவிட்டு, தட்டுகளை எடைக்குப் போடலாம் என்று நம் சங்கத்தில் ஒரு யோசனை இருக்கிறது. எம்.பி.3 இடத்தை மிச்சப்படுத்த, காதுக்குத் தெரியாது என்று கணித்ததைக் கழித்துவிடும். கழித்தது திரும்பாது. முதலில் வேவ் அல்லது ஃபிளாக் கோப்பாக, கீறல் சத்தத்தைக்கூடத் துடைக்காமல், முழுசாக ஒரு பிரதி எடுங்கள். எம்.பி.3-ஐ அதிலிருந்து எப்போது வேண்டுமானாலும் செய்துகொள்ளலாம். தட்டுகளும் பத்திரமாக இருக்கட்டும். நாளைக்கு இதைவிட நல்ல கருவி வரும்.

மாணவர்களே, இரண்டு பதிப்புகளை ஒப்பிடும்போது சத்தத்தைச் சமமாக வைத்துக் கேளுங்கள். உரக்க ஒலிப்பது நல்லதாகத் தோன்றி ஏமாற்றும். பாடுகிறவர் மூச்சு கேட்கிறதா என்று பாருங்கள்.

அப்படியும் எடைக்குத்தான் போடுவோம் என்றால், முதல் ஆளாகத் தராசோடு நானே வருகிறேன்!