தெக்கினிக்குள் கேட்ட தமிழ்



மலையாளப் படம் ஒன்றைப் பற்றிய கருத்தரங்கைத் தமிழில் பேசித் தொடங்கிவைக்கச் சொன்னார்கள். வேறு ஊராக இருந்தால் யோசித்திருப்பேன். கொச்சியின் மட்டாஞ்சேரி என்றதும் சரி என்றேன். இங்கே நாலு தெரு நடந்தால் கொங்கணி, குஜராத்தி, கச்சி, தமிழ் எல்லாம் காதில் விழும். அடுத்த வீட்டுப் பேச்சு முக்கால்வாசி புரியும், கால்வாசி புரியாது. ‘மணிச்சித்ரதாழ்’ கிளப்பும் பயம் அந்தப் புரியாத கால்வாசியில்தான் இருக்கிறது என்பது என் கட்சி. மறுப்பவர்களுக்கு இரண்டு நாள் அவகாசம் இருக்கிறது.

படம் வெளியானது 1993 டிசம்பர் 25. பாசில் இயக்கினார், கதையும் வசனமும் மது முட்டம். அந்த ஆண்டுக்கான தேசிய விருதுகளில் ஷோபனா சிறந்த நடிகை. சிறந்த பொழுதுபோக்குப் படத்துக்கான விருதும் இதற்கே. 2024 ஆகஸ்டில் 4கே தரத்துக்கு மெருகேற்றி மறுபடியும் திரையிட்டார்கள். இடைப்பட்ட முப்பது ஆண்டுகளில் கேரளத்தில் இதைத் தொலைக்காட்சியில் பார்க்காத வீடு இருக்குமா என்பது சந்தேகம். யார் நோயாளி என்பது அனைவருக்கும் தெரியும். தெரிந்தும் பார்க்கிறார்கள்.

திகில் படத்துக்கு இது நடக்கக்கூடாத காரியம். முடிச்சு அவிழ்ந்த பிறகு கயிற்றில் என்ன இருக்கிறது? ஆனால் மது முட்டம் எதையும் ஒளிக்கவில்லை. மாடம்பள்ளி வீட்டின் பூட்டிய தெக்கினியை, அதாவது தெற்குக்கட்டைத் திறக்க ஆசைப்படுபவள் கங்கை. அங்கே கொல்லப்பட்ட நாட்டியக்காரி நாகவல்லியின் கதையை வாய் பிளந்து கேட்பவளும் அவளே. எல்லாம் நம் கண்முன்தான் நடக்கிறது. நம் சந்தேகம் மட்டும் அந்தக் குடும்பத்துப் பெண் ஸ்ரீதேவி மேல் போய் உட்கார்ந்துகொள்கிறது. இரண்டாம் முறை பார்க்கும்போது ஸ்ரீதேவியை விட்டுவிட்டுக் கங்கையின் முகத்தையே பார்க்கிறோம். அப்போது அது நோய்வாய்ப்பட்ட ஒரு பெண்ணைப் பற்றிய துயரப் படமாகிவிடுகிறது. ஒரே டிக்கெட்டில் இரண்டு படம்.

ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’ 1960இல் வந்தது. அதன் கடைசியில் ஒரு மனநல மருத்துவர் நின்றுகொண்டு எல்லாவற்றையும் விளக்குவார். அந்த மேதையின் படத்தில் எனக்குச் சலிப்புத் தரும் இடம் அது ஒன்றுதான். இங்கே மோகன்லாலின் டாக்டர் சன்னி படம் பாதியை நெருங்கும்போது வந்து, வீட்டுக்குள் கோமாளித்தனம் செய்துகொண்டே நோயைக் கவனிக்கிறார். திலகன் நடித்த மந்திரவாதி பிரம்மதத்தன் நம்பூதிரிப்பாடு வந்ததும் இருவரும் மோதுவார்கள் என்று காத்திருக்கிறோம். அவர்களோ ஏற்கெனவே ஒருவரையொருவர் மதிக்கிறவர்கள். வைத்தியம் பெரிதா மாந்திரீகம் பெரிதா என்ற பட்டிமன்றத்தைப் படம் நடத்தவே இல்லை. நடுவே இன்னசென்டும் குதிரவட்டம் பப்புவும் பயந்து நடுங்கி நம்மைச் சிரிக்க வைக்கிறார்கள். பிரியதர்ஷன், சிபி மலயில், சித்திக்–லால் ஆகியோர் இரண்டாம் யூனிட் இயக்குநர்களாக உதவிய படம் இது. சித்திக்கும் லாலும் இந்தக் கொச்சியின் மிமிக்ரி மேடையிலிருந்து வந்தவர்கள் என்பதை உள்ளூர்க்காரர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

இனி அந்தக் கட்டில் காட்சி. கல்யாணப் பெண் அல்லிக்கு நகை வாங்கப் போகவேண்டாம் என்று நகுலன் கங்கையைத் தடுக்கிறான். சாதாரணக் கணவன், சாதாரணப் பேச்சு. அவள் கேட்டதையே திரும்பக் கேட்கிறாள். கண் மாறுகிறது. கனத்த மரக்கட்டிலை ஒரு கையால் தூக்குகிறாள். வாயில் வருவது தமிழ். சுரேஷ் கோபியின் நகுலன் உறைந்து நிற்கிறான். திரையரங்கில் இருந்த மலையாளிக்கு அந்தத் தமிழ் புரியாமல் இல்லை. ஆனால் தன் வீட்டுப் படுக்கையறையில் அதை எதிர்பார்க்கவில்லை. தமிழ்ப் பார்வையாளருக்கு வேறொன்று நடக்கிறது. தஞ்சாவூரிலிருந்து கொண்டுவரப்பட்டு, ராமநாதன் என்ற நாட்டியக்காரனைக் காதலித்ததற்காக வீட்டுத் தலைவர் சங்கரன் தம்பியால் கொல்லப்பட்ட நாகவல்லி நியாயம் கேட்கிறாள். அந்த வீட்டில் எல்லோருக்கும் அவள் பேய். நமக்கு ஊர்க்காரி.

தமிழ் இங்கே மேல்பூச்சாக வரவில்லை. நாகவல்லியின் பாட்டில் வரும் தமிழ் வரிகளை எழுதியவர் வாலி. இசையமைப்பாளர் எம்.ஜி. ராதாகிருஷ்ணன் தமிழ்ப் பாட்டைப் போற்றும் இன்னொரு மலையாளப் பாட்டை ஆகிரி ராகத்தில் அமைத்தார். பாடினால் அன்றைக்குச் சோறு கிடைக்காது என்று வித்வான்கள் ஒதுக்கிய ராகம். கங்கைக்குக் குரல் கொடுத்தவர் பாக்கியலட்சுமி. நாகவல்லிக்குக் கொடுத்தவர் தமிழ் டப்பிங் கலைஞர் துர்கா. பல ஆண்டுகள் கழித்துப் பாசில் சொன்ன பிறகே அது பலருக்குத் தெரியவந்தது. அத்தனை காலமும் பாராட்டு அந்தத் தமிழ்க்குரலின் சொந்தக்காரரைப் போய்ச் சேரவில்லை. மாடம்பள்ளி என்ற வீடும் அந்தக் குரலைப்போல இரண்டால் ஆனது. இங்கிருந்து அதிகத் தொலைவில்லாத திருப்பூணித்துறை ஹில் பேலஸ் ஒரு பாதி, பத்மநாபபுரம் அரண்மனை மறுபாதி. பத்மநாபபுரம் 1956 முதல் தமிழ்நாட்டு மண்ணில் இருக்கிறது. அரண்மனையைப் பராமரிப்பது கேரள அரசு.

மறு ஆக்கங்களைப் பாருங்கள். 2004இல் பி. வாசு கன்னடத்தில் ‘ஆப்தமித்ரா’ எடுத்தார், அதில் பேயாக வரும் நாட்டியக்காரி தெலுங்குக்காரி. மறு ஆண்டு அவரே தமிழில் எடுத்த ‘சந்திரமுகி’யிலும் தெலுங்குதான். 2007இல் பிரியதர்ஷன் இந்திக்குக் கொண்டுபோனபோது அவள் வங்காளி ஆனாள். எவரும் தன் தாய்மொழியைப் பேய்க்குக் கொடுக்கவில்லை. ‘சந்திரமுகி’ சென்னை சாந்தி தியேட்டரில் 800 நாட்களைத் தாண்டி ஓடியது. ஜோதிகா உயிரைக் கொடுத்து நடித்தார். இருந்தாலும் அங்கே கதை ரஜினி பக்கம் சாய்ந்து, நோயாளி வைத்தியருக்குப் பின்னால் போய்விடுகிறாள். வசூலில் நியாயம், கதையில் நஷ்டம்.

மூலப் படத்தில் குறையும் உண்டு. துர்காஷ்டமி இரவில் பொம்மையை வெட்டவிட்டு ஆளுமைப் பிளவைக் குணமாக்கலாம் என்று எந்த மனநல மருத்துவரும் எழுதித் தரமாட்டார். ஒரு பெண்ணின் மனத்துக்கு என்ன செய்வது என்பதை அவளிடம் கேட்காமல் ஆண்கள் கூடி முடிவு செய்கிறார்கள் என்ற பெண்ணியக் குற்றச்சாட்டுக்கும் என்னிடம் பதில் இல்லை. மருத்துவர்களும் பெண்ணியர்களும் நாளைக் காலை ஒரே அமர்வில் உட்காருகிறார்கள். அமைப்பாளர்களின் துணிச்சல் அது.

கட்டுரையாளர்களுக்கு ஒன்று. கதைச்சுருக்கம் வேண்டாம், எல்லோருக்கும் தெரியும். ஆளுக்கு 15 நிமிடம். முதல் அமர்வு ஆகிரி ராகத்தில் தொடங்குகிறது. பாட வந்திருப்பவர் இப்போதே சாப்பிட்டுவிடுவது நல்லது.