விண்மீன் கொத்துகளும் விண்மீன் மண்டலங்களும்: கண்டதைக் கண்டபடி எழுதியோர்

(பெண்ணாடத்தில் ஜமாஅத் சார்பில் நடைபெற்ற மாணவ மாணவியர் பரிசளிப்பு விழாவில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

 

ஷஅபான் இருபத்தொன்பதாம் நாள் மாலையில் மேற்கு வானை நோக்கி நிற்பது நம் வழக்கம். பிறையைக் கண்டதாக ஒருவர் வந்து கூறினால், எங்கே கண்டீர், எப்போது கண்டீர், எவ்வாறு இருந்தது என்று பெரியவர்கள் வினவுவார்கள். கண்டதைக் கூட்டியோ குறைத்தோ கூறலாகாது என்பது அங்கே ஒழுங்கு. வானியல் என்னும் அறிவுத்துறையும் இதே ஒழுங்கினால்தான் வளர்ந்தது. விண்மீன் கொத்துகளையும் விண்மீன் மண்டலங்களையும் மனிதன் அறிந்துகொண்ட வரலாற்றை இச்சிறு உரையில் எடுத்துரைக்க விழைகிறேன்.

சுரையாவும் கார்த்திகையும்

நம் இல்லங்களில் சுரையா என்று பெண்மக்களுக்குப் பெயரிடுகிறோம். அது வானில் உள்ள ஒரு விண்மீன் கொத்தின் அரபுப் பெயர். தமிழர் அதனைக் கார்த்திகை என்றும் அறுமீன் என்றும் அழைத்தனர். டிசம்பர் மாத முன்னிரவில் ஏறத்தாழ நம் தலைக்கு மேலேயே அது காணப்படும். அதன் பின்னே செந்நிறத்தில் ஒளிரும் விண்மீனை நாம் ரோகிணி என்கிறோம். அரபியர் அதனை அத்தபரான், அதாவது பின்தொடர்வது என்றனர். இன்றும் உலக வானியலர் அதனை ஆல்டெபரான் என்றே வழங்குகின்றனர்.

வெறுங்கண்ணுக்கு ஆறாகத் தெரியும் இக்கொத்தைத் தொலைநோக்கியால் நோக்கிய கலிலியோ, 36 விண்மீன்களைக் குறித்து 1610-இல் வெளியிட்டார். இன்று அதில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை உள்ளன என அறிகிறோம். அவை ஒரே வாயு மேகத்திலிருந்து பிறந்து, ஒன்றையொன்று ஈர்த்துக்கொண்டு கூட்டமாகச் செல்பவை. ஒளி ஓராண்டில் கடக்கும் தொலைவு ஓர் ஒளியாண்டு. அது சுமார் 9.5 இலட்சம் கோடி கிலோமீட்டர். சுரையா நம்மிடமிருந்து ஏறத்தாழ 440 ஒளியாண்டுத் தொலைவில் உள்ளது.

அஸ்ஸூஃபி குறித்த "சிறிய மேகம்"

கி.பி. 964-ஆம் ஆண்டளவில் பாரசீக வானியலறிஞர் அப்துர் ரஹ்மான் அஸ்ஸூஃபி நிலை விண்மீன்களைப் பற்றி ஒரு நூல் எழுதினார். கிரேக்க அறிஞர் தாலமியின் பட்டியலை அவர் அப்படியே பெயர்த்து எழுதவில்லை. ஒவ்வொரு விண்மீனையும் தாமே நோக்கி, அதன் ஒளியளவை மதிப்பிட்டு, வேறுபாடு கண்ட இடங்களைத் திருத்தினார். ஒவ்வொரு விண்மீன் குழுவுக்கும் இரண்டு படங்கள் வரைந்தார். ஒன்று தரையிலிருந்து காண்பது போன்றது. மற்றொன்று வான்கோளத்தின் மீது அமைந்திருப்பது போன்றது.

ஆந்திரமேதா என்னும் குழுவில் மங்கலாகத் தெரிந்த ஓர் ஒளித்திட்டை அவர் சிறிய மேகம் என்று குறித்தார். அது யாது என்று அவருக்குத் தெரியாது, தெரிந்ததாக எழுதவுமில்லை. நம் பால்வழிக்கு அப்பாலுள்ள அப்பெரும் விண்மீன் மண்டலத்தைப் பற்றி இன்று நாம் அறிந்தவற்றுள் மிகப் பழைய குறிப்பு அதுவே.

புதுச்சேரிக்கு வந்த வானியலர்

அச்சிறிய மேகத்தின் அருகே இன்னொரு சிறு மேகம் இருப்பதை 1749-இல் கண்டறிந்தவர் லெ ஜாந்தீ என்னும் பிரெஞ்சு இளைஞர். நமக்கு அண்மையில் உள்ள புதுச்சேரியோடு இவர் பெயர் பிணைந்துள்ளது. சூரியனை வெள்ளிக்கோள் கடக்கும் அரிய நிகழ்வை அளப்பதற்காக 1760-இல் அவர் கப்பலேறினார். 1761-இல் போரினால் புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போயிருந்தது. நடுக்கடலில் ஆடும் கப்பலிலிருந்து பயனுள்ள அளவீடு எதையும் அவரால் செய்ய இயலவில்லை. அடுத்த கடப்புக்காக எட்டு ஆண்டுகள் காத்திருந்தார். 1768-இல் புதுச்சேரிக்கு வந்து நோக்ககம் அமைத்தார். 1769 ஜூன் 4 அன்று காலையில், வேண்டிய நேரத்தில் மேகம் சூரியனை மறைத்துவிட்டது. எனினும், தமிழர் கிரகணம் கணிக்கும் முறையைக் கற்று அதனையும் எழுதி வைத்தார்.

அதே புதுச்சேரியில் 1689 டிசம்பரில் வால்மீன் ஒன்றை நோக்கிக்கொண்டிருந்த ரிஷோ என்னும் பாதிரியார், தென்வானின் ஆல்பா சென்டாரி ஒன்றல்ல, இரட்டை விண்மீன் என்று கண்டறிந்தார். அவ்விண்மீனின் குழுவிலேயே ஒமேகா சென்டாரி என்னும் கோளக் கொத்தும் உள்ளது. தாலமி அதனைத் தனியொரு விண்மீனாகவே குறித்திருந்தார். உண்மையில் சுமார் ஒரு கோடி விண்மீன்கள் பந்துபோல் செறிந்த கொத்து அது. ஐரோப்பாவின் பெரும்பகுதியில் அது தெரியாது. நமக்கோ மே மாத இரவுகளில் தென்வானில் தெளிவாகவே தெரியும்.

தொலைவை அளந்த பெண்மணி

இம்மேகங்கள் நம் பால்வழிக்குள்ளேயே இருப்பவையா, அதற்கு வெளியே உள்ள தனி மண்டலங்களா என்ற வினா நெடுங்காலம் தீரவில்லை. தொலைவை அளக்க வழி இல்லாததே காரணம். அவ்வழியைத் திறந்தவர் அமெரிக்காவின் ஹார்வர்டு நோக்ககத்தில் பணியாற்றிய ஹென்ரியட்டா லீவிட் அம்மையார். செவிப்புலன் குறைந்தவர் அவர். சிறிய மெகல்லன் மேகத்தில் ஒளி கூடிக் குறையும் 25 விண்மீன்களை ஆராய்ந்து, 1912-இல் ஓர் உண்மையை வெளியிட்டார். ஒளி மிகுந்த விண்மீன், கூடிக் குறைய அதிக நாள்களை எடுத்துக்கொள்கிறது என்பதே அது.

தொலைவில் உள்ள ஓர் ஊரின் விளக்குகள் யாவும் நமக்கு ஏறத்தாழ ஒரே தொலைவில் உள்ளன. அவற்றுள் பளிச்செனத் தெரிவது மெய்யாகவே பெரிய விளக்கு. அவ்வாறே, ஒரே மேகத்தில் இருந்த விண்மீன்களை ஒப்பிட்டதால் அவற்றின் உண்மையான ஒளியளவுக்கும் நாள்கணக்குக்கும் உள்ள தொடர்பு வெளிப்பட்டது. இனி எங்கேனும் அத்தகைய விண்மீனைக் கண்டால், நாள்களை எண்ணித் தொலைவைக் கணிக்கலாம்.

இம்முறையைக் கோளக் கொத்துகளுக்குப் பயன்படுத்திய ஹார்லோ ஷாப்லி, நம் சூரியன் பால்வழியின் நடுவில் இல்லை என்று நிறுவினார். ஆயினும், சுருள் வடிவ மேகங்கள் வெளியே உள்ளவை அல்ல என்று 1920-இல் நடந்த விவாதத்தில் வாதிட்டார். அவை சுழல்வதைக் கண்ணெதிரே அளந்துவிட்டதாக அவருடைய நண்பர் வான் மானன் கூறியிருந்ததை அவர் நம்பினார். அந்த அளவீடு பிழையானது என்பது பின்னரே தெரிந்தது.

1923 அக்டோபரில் எட்வின் ஹப்பிள் ஆந்திரமேதாவைப் படமெடுத்தார். ஒரு புள்ளியைத் திடீரெனத் தோன்றி மறையும் விண்மீன் என முதலில் குறித்தார். பழைய படங்களோடு ஒப்பிட்டபோது அது 31 நாள்களுக்கு ஒருமுறை கூடிக் குறைவது தெரிந்தது. தாம் எழுதியதைத் தாமே அடித்துத் திருத்தினார். தொலைவு சுமார் ஒன்பது இலட்சம் ஒளியாண்டு என்று கணித்தார். அஸ்ஸூஃபியின் சிறிய மேகம் பால்வழிக்கு வெளியே உள்ள தனி விண்மீன் மண்டலம் என்பது 1925 ஜனவரி 1 அன்று அறிவிக்கப்பட்டது. அவ்வகை விண்மீன்களில் இரு பிரிவு உண்டு என்பதைப் பின்னர் வால்டர் பாடே கண்டறிந்ததால் அத்தொலைவும் திருத்தம் பெற்றது. இன்று நாம் ஏற்பது சுமார் 25 இலட்சம் ஒளியாண்டு. 1921-இலேயே மறைந்த லீவிட் அம்மையார் இவற்றில் எதையும் காணவில்லை.

காவலூர்

வாணியம்பாடியிலிருந்து ஆலங்காயம் வழியாகச் சென்றால் ஜவ்வாது மலையில் காவலூர் உள்ளது. அங்கே 1968-இல் ஒரு சிறு தொலைநோக்கியுடன் நோக்ககம் தொடங்கியவர் வைணு பாப்பு. இவருடைய தந்தையார் ஹைதராபாத்தின் நிஜாமியா நோக்ககத்தில் பணிபுரிந்தவர். நவாப் ஜஃபர் ஜங் 1901-இல் தம் பொருளைக் கொண்டு தொடங்கிய அந்நோக்ககம், 7 இலட்சத்துக்கும் மேற்பட்ட விண்மீன்களின் இடங்களை அளந்து உலகப் பட்டியலுக்கு வழங்கியது.

நம் நாட்டிலேயே வடிவமைத்துக் கட்டப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986 ஜனவரியில் காவலூரில் இயங்கத் தொடங்கியது. அதற்காக உழைத்த பாப்பு 1982-லேயே காலமாகிவிட்டார். அத்தொலைநோக்கி இன்று அவர் பெயரையே தாங்கி நிற்கிறது.

நாம் செய்ய வேண்டியது

அன்பு மாணவச் செல்வங்களே! இவர்களில் சிலர் தம் உழைப்பின் பலனைக் காணவில்லை. சிலர் தவறினர், சிலர் தம் தவற்றைத் தாமே திருத்தினர். எனினும் ஒவ்வொருவரும் எழுதி வைத்த குறிப்பு அடுத்தவருக்குப் பயன்பட்டது. செவிவழிச் செய்திகள் நொடியில் கைபேசியில் பரவும் இக்காலத்தில், கண்டறியாததைக் கண்டதுபோல் பரப்புவது எளிதாகிவிட்டது. இந்நிலையில் உங்களுக்கு மிகவும் வேண்டியது, நோக்கவும் குறிக்கவும் தெரியாததைத் தெரியாது என்று சொல்லவும் பழகுவதே.

பெற்றோர்களுக்கும் ஒரு வேண்டுகோள். பெண்மக்கள் கணிதமும் இயற்பியலும் கற்க விரும்பினால் தடை செய்யாதீர்கள்.

ஜமாஅத் நிர்வாகத்திற்கு ஒரு சிறு கோரிக்கை. நம் பிள்ளைகளின் பயன்பாட்டுக்காக ஒரு நல்ல பைனாகுலர் வாங்கித் தாருங்கள். ஊருக்குள் விளக்கொளி மிகுந்துவிட்டது. நிலவில்லாத ஓர் இரவில் பெரியவர்கள் துணையோடு பிள்ளைகளை வெள்ளாற்றங்கரைப் பக்கம் அழைத்துச் செல்லுங்கள். நவம்பர், டிசம்பரில் மழை விட்ட இரவுகளில் வடவானில் ஆந்திரமேதாவையும், மே மாதத்தில் தென்வானில் ஒமேகா சென்டாரியையும் காட்டுங்கள். நாளையும் நேரத்தையும் இட்டு, கண்டதை ஒரு குறிப்பேட்டில் அவர்களே எழுதட்டும். அக்குறிப்பேடு நம் ஜமாஅத்தில் பத்திரமாக இருக்கட்டும். அடுத்து வரும் பிள்ளைகள் அதில் தொடர்ந்து எழுதட்டும்.