கணக்கு எழுதியது அலுவலகம், கட்டுவது காவலாளியா?



கம்பத்திலோ சின்னமனூரிலோ ஓர் அரசுப் பள்ளியின் இரவுக் காவலரை நினைத்துக்கொள்ளுங்கள். அவருடைய சம்பளத்தை அவர் நிர்ணயிக்கவில்லை. ஊதிய உயர்வைக் கணக்கிட்டது, பணிப்பதிவேட்டில் எழுதியது, பட்டியல் போட்டுக் கருவூலத்துக்கு அனுப்பியது எல்லாம் அலுவலகம். ஓய்வுபெறும் நேரத்தில் தணிக்கைத் தடை வருகிறது: பத்து ஆண்டுகளாகக் கூடுதலாக வாங்கியிருக்கிறாய், திருப்பிக் கட்டு. அந்தப் பணம் அரிசியாகவும் பிள்ளைகளின் படிப்பாகவும் எப்போதோ செலவாகிவிட்டது.

சட்டம் இவர் பக்கம் இருக்கிறது. 2014 டிசம்பர் 18 அன்று, பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மஸீ வழக்கில், ஊழியர் ஏமாற்றாமல் அலுவலகத் தவறால் கூடுதல் ஊதியம் போயிருந்தால் எப்போதெல்லாம் பிடித்தம் கூடாது என்று உச்ச நீதிமன்றம் வரையறுத்தது. 'சி', 'டி' பிரிவு ஊழியர்களிடம் கூடாது. ஓய்வுபெற்றவர்களிடமும், ஓராண்டுக்குள் ஓய்வுபெற இருப்பவர்களிடமும் கூடாது. ஐந்தாண்டுகளுக்கு மேல் வழங்கப்பட்டுவந்த தொகையாக இருந்தால் கூடாது. தவறாக மேல்பதவி வேலை வாங்கிக்கொண்டு அதற்குக் கொடுத்த ஊதியத்தைக் கேட்கக் கூடாது. வேறெந்த நிலையிலும் பிடித்தம் கொடுமையானதாக இருந்தால் கூடாது. சமத்துவத்தைப் பேசும் அந்தத் தீர்ப்பு, பட்டியல் சாதி, பழங்குடி மக்களின் நலன் காக்கச் சொல்லும் அரசியல் சட்டத்தின் 46ஆவது பிரிவையும் சேர்த்தே பேசுகிறது.

'மக்கள் வரிப்பணம் ஆயிற்றே' என்பார்கள். உத்தராகண்ட் ஆசிரியர்கள் வழக்கில் 2012இல் உச்ச நீதிமன்றமும் அப்படித்தான் சொன்னது. சரி, இனிவரும் சம்பளத்தைத் திருத்துங்கள். ஆனால் தப்பாகக் கணக்குப் போட்டவரை விட்டுவிட்டு, கடைசிப் படியில் நிற்பவரிடம் மட்டும் வரிப்பணத்தைப் பற்றிப் பாடம் நடத்துவது என்ன நியாயம்?

இன்னொரு கண்ணியும் இருக்கிறது. 'கூடுதலாக வழங்கியிருந்தால் திருப்பித் தருகிறேன்' என்று ஊதிய நிர்ணயத்தின்போது உறுதிமொழி வாங்குகிறார்கள். அப்படிக் கையெழுத்திட்டவர் ஓய்வுபெற்றிருந்தாலும் கட்ட வேண்டும் என்றது 2016இன் ஜக்தேவ் சிங் தீர்ப்பு. அந்த வழக்கில் கையெழுத்திட்டவர் யார் தெரியுமா? ஒரு சிவில் நீதிபதி! சட்டம் படித்தவரின் கையெழுத்தும், நீட்டிய இடத்தில் போட்டுக்கொடுக்கும் துப்புரவுப் பணியாளரின் கையெழுத்தும் ஒன்றா? துப்புரவுப் பணியில் இந்தச் சமூகம் யாரை நிறுத்திவைத்திருக்கிறது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

குமுளியைத் தாண்டினால் கேரளம். அங்கே தாமஸ் டேனியல் என்ற ஆசிரியர் 1999இல் ஓய்வுபெற்றார். அவரிடம் வசூலிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2022 மே 2 அன்று. இடையில் 23 ஆண்டுகள்! அவர் டெல்லி வரை போனார். நம் கம்பத்துக் காவலர் உயர் நீதிமன்றக் கிளைக்குப் போக மதுரைக்கே நூறு கிலோமீட்டருக்கு மேல் போக வேண்டும். வழக்கறிஞர் கட்டணம் தனி.

வழக்குப் போட்டவருக்கு மட்டும் கிடைப்பது உரிமை ஆகாது. மத்திய அரசு 2016 மார்ச் 2 அன்றே ரஃபீக் மஸீ தீர்ப்பைத் தன் துறைகளுக்குச் சுற்றறிக்கையாக அனுப்பிவிட்டது. பள்ளிகளிலும் அந்த ஐந்து நிலைகளை அதிகாரிகளே பார்த்துப் பிடித்தத்தைக் கைவிட வேண்டும். விளக்கம் கேட்காமல் ஒரு ரூபாயும் பிடிக்கக் கூடாது. 'சி', 'டி' பிரிவினரிடம் வாங்கிய உறுதிமொழியைக் காட்டி மிரட்டக் கூடாது.

நீங்கள் படித்த பள்ளியின் காவலரையும் துப்புரவுப் பணியாளரையும் போய்ப் பாருங்கள். இப்படியொரு தீர்ப்பு இருக்கிறது என்று சொல்லுங்கள். பிடித்த ஆணை வந்திருந்தால் பதில் எழுத உடன் உட்காருங்கள். படித்ததற்கு அதுவாவது பயன்படட்டும்.