தாய்ப்பலகையும் தாயும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



பள்ளியிறுதி வகுப்போடு நின்று, சரக்கு அலுவலகக் கணக்கேட்டில் காலங்கழிக்கும் யாம் பொறியியலோ மருத்துவமோ பேசத் தகுதியுடையோம் அல்லோம். எனினும், எம் இல்லத்தில் நிகழ்ந்த இரண்டைச் சொல்வது காலனிக் குடும்பங்களுக்குப் பயன்படும் என்று செயலாளர் பணித்தார். மேடையில் பேசும் பொருளா இது என்று சிலர் முகம் சுளிக்கலாம்; பொறுத்தருள்க.

சென்ற ஆண்டு மார்கழியில், மைந்தனின் படிப்புக்காகக் கணிப்பொறி ஒன்றைச் சிக்கனமாக வீட்டிலேயே பூட்ட முற்பட்டோம். அதன் அடிப்படை மதர்போர்டு. தமிழில் தாய்ப்பலகை என்பர். யாம் வாங்கியது விலை குறைந்த ஏ620 வகை. உடன்வந்த கையேட்டை மூன்று முறை படித்தோம். பலகையின் அடிப்புறம் தகரப் பெட்டியில் படாதிருக்கச் சிறு பித்தளைத் தாங்கிகளைத் திருகினோம். 24 முள் மின்னிணைப்பையும், செயலிக்குரிய 8 முள் இணைப்பையும் மறவாது செருகினோம். விசை தட்டியதும் விசிறி சுழன்றது. திரையோ இருண்டே கிடந்தது!

மைந்தன் பதறி மின்சாரத்தை நிறுத்தக் கை நீட்டினான். யாம் தடுத்தோம். டிடிஆர்5 நினைவகம் முதன்முறை இயங்கும்போது, அதற்கு ஏற்ற அமைப்பைப் பலகை தானே சோதித்துத் தேர்ந்துகொள்ளும். அதற்குச் சில நிமிடங்கள், சிலபோது பத்து நிமிடத்திற்கு மேலும் ஆகும் என்று அறிந்திருந்தோம். "இது பழுதன்று, பொறு" என்றோம். சற்று நேரத்தில் திரை ஒளிர்ந்தது. எம் பொறுமையை யாமே மெச்சிக்கொண்டோம்.

அன்றிரவு, கரக்பூர்க் குளிரில் யாம் கம்பளிக்குள் ஒடுங்கியிருக்க, எம் மனைவியார் வியர்வையில் நனைந்து எழுந்து சன்னலைத் திறந்தார். "உனக்கென்ன பித்தா? சாத்து!" என்று அதட்டினோம். அவர் அமைதியாகச் சொன்னார்: "பலகைக்காக மூன்று முறை புத்தகம் படித்தீர்கள். ஆறு மாதமாக எனக்கு உறக்கமில்லை. என்னை ஒரு வார்த்தை கேட்டீர்களா?"

எமக்கு விடையில்லை. சொந்த ஊரில் என்றால் தாயோ தமக்கையோ கேட்டிருப்பர். 1500 கிலோமீட்டருக்கு இப்பால், இக்குடியிருப்பில் அவருக்கு எம்மையன்றி யார் உளர்?

மறுநாளே பெண் மருத்துவர் ஒருவரிடம் சென்றோம். மனைவியார்க்கு வயது 46. மருத்துவர் விளக்கியதைக் கேளுங்கள். மாதவிடாய் தொடர்ந்து 12 மாதம் வாராதிருந்தால்தான் நின்றதாகக் கொள்வர். பெரும்பாலோர்க்கு இது 45க்கும் 55க்கும் இடையில் நேரும். நம் நாட்டில் சராசரியாக 46, 47 வயதையொட்டி. அதற்கு முன் சில ஆண்டுகள் நீளும் மாறுகாலம் ஒன்று உண்டு. அப்போது ஈஸ்ட்ரோஜன் என்னும் சுரப்பு சீராகக் குறைவதில்லை. ஏறியும் இறங்கியும் தடுமாறும். உடல் வெப்பத்தைக் காக்கும் மூளைப்பகுதி சிறு மாறுதலையும் பெருஞ்சூடென்று கருதி வியர்வையைப் பெருக்கும். உறக்கம் கெடும், மறதியும் சினமும் தொடரும். இது பித்துமன்று, வீம்புமன்று.

எல்லாவற்றையும் வயதின்மேல் சுமத்துதலும் தவறு. தைராய்டுக் கோளாறும் இரத்தசோகையும் இவ்வாறே தளர்ச்சி தரும், சோதித்தறிதல் வேண்டும். மிகுதியான உதிரப்போக்கு இருந்தாலோ, 12 மாதம் நின்றபின் மீண்டும் உதிரம் தோன்றினாலோ காலந்தாழ்த்தலாகாது. மாறுகாலத்தில் கருத்தரித்தலும் கூடும். எலும்பு விரைந்து தேய்வதால் கேழ்வரகு, எள், மோர், நாள்தோறும் நடை ஆகியவை நன்று. துன்பம் மிகுந்தால் ஹார்மோன் மருத்துவமும் உண்டு. மார்பகப் புற்றுநோய் கண்டவர்க்குப் பொதுவாக அது ஆகாது. யாருக்குத் தகும் என்பதை மருத்துவரே முடிவு செய்தல் வேண்டும்.

ஐயன்மீர்! தாய்ப்பலகைக்குப் பொறுமை ஒன்றே போதும். தாய்க்கோ, பொறுமையோடு கேள்வியும் வேண்டும், மருத்துவமும் வேண்டும். "உறங்கினாயா?" என்று இன்றிரவே கேளுங்கள், அதற்குக் கையேடு வேண்டுவதில்லை.

ஓராண்டு கழிந்தது. எம் இல்லத்தில் இப்போது மார்கழியிலும் சன்னல் திறந்தே கிடக்கிறது. யாம் இரண்டு கம்பளி போர்த்துக்கொள்கிறோம்.