எரிமலையின் மூச்சு



வெறும் ரப்பர் வெயிலில் பிசுபிசுக்கும், குளிரில் விறைக்கும். கந்தகம் சேர்த்துச் சூடாக்கினால் அது உறுதிப்படும் என்று 1839இல் கண்டவர் அமெரிக்கரான சார்லஸ் குட்இயர். அந்த முறைக்கு வல்கனைசேஷன் என்று பெயர். வல்கன், ரோமர்களின் நெருப்புத் தெய்வம். பொருத்தமான பெயர்தான், ஏனெனில் கந்தகம் எரிமலையிலும் கிடைக்கிறது.

கிழக்கு ஜாவாவில் ஈஜென் எரிமலையின் வாய்க்குள், பாறை வெடிப்புகளில் புகை சீறுகிறது. அதில் கந்தகம் ஆவியாய்க் கலந்திருக்கிறது. அந்தப் புகையை நீண்ட குழாய்களில் விடுகிறார்கள். ஆவி குளிர்ந்து செந்நிறக் குழம்பாய் வழியும். ஆறினால் மஞ்சள் கட்டி. அதைக் கடப்பாரையால் பெயர்த்து, நம் பெரியவர்கள் காண்டாவில் பால் வாளி தூக்கியதுபோல, இரண்டு கூடைகளில் சுமக்கிறார்கள். சுமை 70 கிலோவுக்கும் மேலே போகும். ஏற்றமோ செங்குத்து!

அந்தப் புகை பல்லை அரிக்கும், நுரையீரலைக் கெடுக்கும். பலருக்கு வாயில் கவ்விய ஈரத்துணியே காப்பு. அது போதாது.

இன்று உலகக் கந்தகத்தில் பெரும்பகுதி எண்ணெய், எரிவாயு ஆலைகளிலிருந்து வருகிறது. ஈஜென் கந்தகமோ சீனியை வெளுக்கவும் பயன்படுகிறது. சுமந்தவருக்கு, தராசில் நிறுத்த எடைக்கே கூலி.