பூவுக்கும் கொசுவுக்கும் என்ன பகை?

இன்னைக்கு நாம ஹவாய்த் தீவுகளின் மழைக்காட்டுக்குப் போறோம். அங்கே 'ஹாஹா'ன்னு ஒரு செடி. அறிவியல் பெயர் சயானியா. ஒரே செடின்னு நினைச்சிடாதீங்க, 70க்கும் மேற்பட்ட இனங்கள் இருக்கு. உலகத்தில் வேறெங்கும் இயற்கையாக வளர்வதில்லை. பல இனங்கள் அழியும் நிலையில் இருக்கு, சில ஏற்கெனவே போயே போச்சு.

நீலகிரிப் பக்கம் ஆளுயரத்துக்கு நிற்கும் காட்டுப் புகையிலையைப் பார்த்திருப்பீங்க. ஹாஹா அதுக்குத் தூரத்துச் சொந்தம்.

இந்தச் செடியைப் பற்றிப் படிக்கும்போது என்னை நிறுத்தியது ஒரு சின்ன விஷயம். சில இனங்களில் இளஞ்செடிக்கு மட்டும் முள் இருக்கு. உயரமாக வளர்ந்ததும் முள் குறைஞ்சிடுது. மனிதர் வருவதற்கு முன் அந்தத் தீவுகளில் வௌவாலைத் தவிர நிலத்துப் பாலூட்டியே கிடையாது. அப்போ யாருக்குப் பயந்து முள்? ஒரு காலத்தில் அங்கே திரிந்த, பறக்க முடியாத பெரிய வாத்துகளுக்காக இருக்கலாம்னு ஆய்வாளர்கள் சொல்றாங்க. வாத்து அழிஞ்சு போச்சு, முள் இன்னும் காவல் காக்குது. ஆனால் மனிதர் கொண்டுவந்த பன்றியையும் எலியையும் அது தடுக்கலை. பன்றி வேரோடு கிளறுது. எலி பழத்தைத் தின்னுது. வெளியிலிருந்து வந்த ஓடில்லா நத்தைகள் நாற்றை மேயுது.

இதைவிடச் சிக்கலான கதை ஒண்ணு இருக்கு. ஹாஹாவின் பூ வளைந்த குழல் மாதிரி. அதே வளைவில் அலகு உள்ள தேன்குடிக்கும் பறவைகள்தான் மகரந்தம் கடத்தின. 1826-ல் கப்பல் ஒன்றின் தண்ணீரோடு கியூலெக்ஸ் கொசு வந்து சேர்ந்தது. நம்ம ஊரில் யானைக்கால் நோய் பரப்புதே, அதே கொசுதான். பிறகு பறவை மலேரியாவும் வந்தது. இந்த நோய்க்குப் பழகாத பறவைகள் கொத்துக்கொத்தாகச் செத்தன. பன்றிகள் மரப்பெரணியின் தண்டைத் தோண்டித் தின்ன குழியில் மழைநீர் தேங்கும். கொசு அதில் முட்டையிடும். ஆக, பன்றி தோண்டின குழி எங்கேயோ ஒரு பூவைக் காயாகவிடாமல் செய்யுது.

குளிரான மேட்டுக்காடுகளில் கொசு குறைவு. மிச்சப் பறவைகளுக்கு அதுதான் புகலிடம். பூமி சூடாக ஆக, கொசுவும் மேலே ஏறுது.

காட்டில் 50-க்கும் குறைவாக மிஞ்சிய செடிகளுக்கென்றே அங்கே ஒரு பாதுகாப்புத் திட்டம் இயங்குது. விதை சேர்க்கிறாங்க, நாற்று வளர்க்கிறாங்க, வேலி போடுறாங்க. பறவைகளைக் காப்பாற்ற, 2023 முதல் மாவி தீவில் ஒருவகை ஆண் கொசுக்களை விடுறாங்க. அவற்றோடு சேரும் பெண் கொசுவின் முட்டை பொரியாது.

நாற்றங்காலில் நூறு செடி இருந்தால் அது தப்பிச்சிடுச்சுன்னு எனக்குச் சொல்லத் தோணலை. பறவை தானாக வந்து அந்தப் பூவில் அலகை நுழைக்கணும். அன்னைக்குத்தான் செடி பிழைச்சதுன்னு சொல்வேன்.