75 ரூபாய் பாக்கி, ஒரு ஆப் கூட இறங்கல!

போன எபிசோடுல போன் ஸ்டோரேஜ் பத்திப் பேசினோம். இந்த வாரம் வேற ஒண்ணு பேசலாம்னு நினைச்சிருந்தேன். ஆனா ஞாயிற்றுக்கிழமை ராத்திரி ஒரு போன் வந்துச்சு, அதனால தலைப்பு மாறிடுச்சு.

போன் பண்ணது என் அத்தை. கோபிச்செட்டிபாளையத்துல இருக்காங்க. மாமாவுக்கு ஸ்டென்ட் வச்சு ரெண்டு மாசம் ஆகுது. மறுநாள் காலையில 8 மணிக்கு டாக்டர் வீடியோ கால்ல பார்க்கணும். அதை ஆஸ்பத்திரியோட ஆப்லதான் பண்ண முடியும். ஆப் இலவசம். அத்தை சாயங்காலத்துல இருந்து அதை டவுன்லோட் பண்ணப் பார்க்கிறாங்க, இறங்கவே மாட்டேங்குது. "கண்ணு, சும்மா குடுக்கிற ஆப்புக்கு எதுக்குடா காசு கேக்குது இது? வெரிஃபிகேஷன் ரிக்வயர்டுன்னு திரும்பத் திரும்ப வருது"ன்னு கேட்டாங்க.

அத்தை கையில இருக்கிறது என்னோட பழைய ஐபோன். ரெண்டு வருஷம் முன்னாடி நான்தான் அவங்க பேர்ல புது அக்கவுன்ட் திறந்து செட் பண்ணிக் கொடுத்தேன். இதை ஞாபகம் வச்சுக்கோங்க, பின்னாடி வரும்.

முதல்ல அவங்க கேள்விக்குப் பதில். இலவச ஆப்புக்கு ஏன் பேமென்ட் தகவல் கேட்குது? நம்ம கண்ணுக்கு அது இலவசம். ஆனா ஆப் ஸ்டோர் கணக்குல அதுவும் ஒரு ஆர்டர்தான், விலை மட்டும் 0 ரூபாய். உங்க பர்ச்சேஸ் ஹிஸ்டரியைத் திறந்து பார்த்தா, இலவசமா இறக்கின ஆப்களும் அதுல வரிசையா இருக்கும். அக்கவுன்ட்ல பழைய பாக்கி ஏதாவது நின்னா புது ஆர்டர் போகாது, 0 ரூபாய் ஆர்டரும்தான். மளிகைக் கடையில பழைய பாக்கியைத் தீர்த்தாதான் அடுத்த சாமான்னு சொல்ற மாதிரி. ஏற்கனவே இருக்கிற ஆப்களுக்கு அப்டேட் வர்றதும் இதனால நின்னுடலாம்.

இங்கதான் நிறைய பேர் தப்பு பண்றாங்க. பிரச்சினை போன்ல இருக்குன்னு நினைச்சு ரீஸ்டார்ட் பண்றாங்க, வைஃபையை மாத்துறாங்க, சிலர் போனையே ஃபேக்டரி ரீசெட் பண்ணிடறாங்க. தயவு செஞ்சு அதைப் பண்ணாதீங்க. பூட்டு விழுந்திருக்கிறது அக்கவுன்ட்ல. அதே அக்கவுன்டைப் புது போன்ல போட்டாலும் அதே செய்திதான் வரும்.

நான் சொன்ன வழி இதுதான். செட்டிங்ஸ் திறந்து, மேலே இருக்கிற உங்க பேரைத் தட்டுங்க. மீடியா அண்ட் பர்ச்சேஸஸ், அதுக்குள்ள வியூ அக்கவுன்ட், அதுக்குள்ள பர்ச்சேஸ் ஹிஸ்டரி. கட்டாத ஆர்டர் இருந்தா அங்க தெரியும். அத்தை ஒவ்வொரு எழுத்தாப் படிச்சாங்க. "ஐ... கிளவுட்... எழுபத்தஞ்சு ரூபா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு.

அந்த 75 ரூபாய் ஐகிளவுட் 50 ஜிபி ஸ்டோரேஜுக்கான மாசச் சந்தா. போட்டோ எல்லாம் பத்திரமா இருக்கட்டும்னு நான்தான் போட்டுக் கொடுத்தேன். பணம் என்னோட யூபிஐ ஆட்டோபேல இருந்து போகும்படி வச்சிருந்தேன். 75 ரூபாய்க்கு அத்தைகிட்ட ஏன் கேட்கணும்னு ஒரு பெருந்தன்மை! நாலு மாசம் முன்னாடி வேலை மாறினேன், பழைய சம்பள அக்கவுன்டை மூடிட்டேன். அந்த அக்கவுன்ட்ல என்னென்ன ஆட்டோபே தொங்கிட்டு இருக்குன்னு பார்க்கவே இல்ல. பணம் எடுக்கப் போயிருக்கு, கிடைக்கல. சரி பண்ணச் சொல்லி வந்த மெயில் எல்லாம் அத்தை பேர்ல நான் திறந்த இமெயிலுக்குப் போயிருக்கு. அத்தை அந்த இமெயிலை ஒரு நாள் கூடத் திறந்ததில்ல. எனக்கு ஒரு செய்தியும் வரல. ஊருக்கெல்லாம் டெக் சொல்லித் தர்ற ஆள் செஞ்ச வேலை இது.

இந்தியாவுல இந்த மாதிரி சந்தா பாதியில நிக்கிறதுக்கு ஒரு பின்னணியும் இருக்கு. தானாப் பணம் எடுக்கிற முறைக்கு ரிசர்வ் வங்கி கொண்டு வந்த விதிகள் 2021 அக்டோபர் 1-ல இருந்து முழுசா அமலுக்கு வந்துச்சு. பணம் எடுக்கிறதுக்கு 24 மணி நேரம் முன்னாடியே தெரிவிக்கணும், குறிப்பிட்ட தொகைக்கு மேல போனா ஒவ்வொரு தடவையும் தனியா ஒப்புதல் வாங்கணும். அந்த வரம்பு முதல்ல 5,000 ரூபாய், 2022-ல 15,000 ஆச்சு. நமக்குப் பாதுகாப்புதான், நல்ல விதிதான். ஆனா அதுக்கு முன்னாடி சும்மா ஓடிட்டு இருந்த பல கார்டு சந்தாக்கள் அப்போ நின்னு போச்சு. 2022-ல ஆப்பிளும் இந்தியாவுல ஆப் ஸ்டோருக்குக் கார்டு வாங்கறதை நிறுத்தினாங்க. நிறைய பேர் யூபிஐ, நெட் பேங்கிங், அக்கவுன்ட் பேலன்ஸ்னு அப்போதான் மாறினாங்க. பழைய கார்டை நம்பி இருந்தவங்க மாட்டிக்கிட்டாங்க.

சரி, அத்தை கதைக்கு வருவோம். நான் "உடனே ஏன் எனக்குப் போன் பண்ணல அத்தை"ன்னு கேட்டதுக்கு அவங்க சொன்ன பதில்தான் இந்த எபிசோடைப் பண்ண வச்சது. நான் வேலையா இருப்பேன்னு நினைச்சு, அவங்களே நெட்ல கஸ்டமர் கேர் நம்பர் தேடியிருக்காங்க. முதல்ல வந்த நம்பருக்குப் போட்டிருக்காங்க. அந்தப் பக்கம் ஒருத்தன் ரொம்ப மரியாதையா "அக்கவுன்ட் லாக் ஆகியிருக்கு மேடம், நான் இங்க இருந்தே திறந்து விடுறேன், ஒரு ஆப் மட்டும் இன்ஸ்டால் பண்ணுங்க"ன்னு சொல்லியிருக்கான். ஸ்கிரீனை அவன் பக்கம் இருந்து பார்க்கிற ஆப்.

அத்தையும் இன்ஸ்டால் பண்ணப் பார்த்திருக்காங்க. இறங்கல! அதே "வெரிஃபிகேஷன் ரிக்வயர்டு". அவன் மூணு தடவை முயற்சி பண்ணச் சொல்லியிருக்கான், மூணு தடவையும் அதேதான். கடைசியில "வீட்ல வேற போன் இருக்கா மேடம்?"னு கேட்டிருக்கான். அப்பதான் அத்தைக்கு என்னவோ பட்டு போனை வச்சிருக்காங்க. என் கவனக்குறைவால விழுந்த பூட்டு அவங்க பேங்க் பணத்தைக் காப்பாத்தியிருக்கு. சிரிக்கிறதா அழுறதான்னு தெரியல.

இந்த மாதிரி ரிமோட் ஆப்களை வச்சு யூபிஐ பணத்தை எடுக்கிறதைப் பத்தி ரிசர்வ் வங்கி 2019-லேயே வங்கிகளை எச்சரிச்சிருக்கு. அதனால உதவி எண்ணை நெட்ல தேடி எடுக்காதீங்க. அந்தந்த நிறுவனத்தோட சொந்த இணையதளத்துக்குப் போய் எடுங்க. ஒருவேளை பணம் போயிட்டா யோசிக்காம உடனே 1930-க்குப் போன் பண்ணுங்க. எவ்வளவு சீக்கிரம் கூப்பிடறோமோ, பணத்தைப் பாதியில நிறுத்தி வைக்க அவ்வளவு வாய்ப்பு இருக்கு.

தீர்வு பத்து நிமிஷ வேலைதான். வேற பேமென்ட் முறையைச் சேர்க்கிறதுக்கு, செட்டிங்ஸ்ல அவங்க பேருக்குக் கீழ பேமென்ட் அண்ட் ஷிப்பிங் போகச் சொன்னேன். அங்க என் யூபிஐ ஐடி இன்னும் உக்காந்திருந்துச்சு. அத்தையோட சொந்த யூபிஐ ஐடியைச் சேர்த்தோம். உடனே அவங்க யூபிஐ ஆப்புக்கு ஆட்டோபே ஒப்புதல் வந்துச்சு. அதைப் பார்த்து அத்தை பயந்துட்டாங்க, ஏன்னா 75-க்குப் பதிலா பெரிய தொகை காட்டுச்சு. அது மேல்வரம்பு. அதுக்கு மேல எடுக்க முடியாதுன்னு அர்த்தம், அவ்வளவும் எடுப்பாங்கன்னு அர்த்தம் இல்ல. அதுக்காகக் கண்ணை மூடிட்டு பின் நம்பரைப் போட வேண்டாம். யார் கேட்கிறாங்கன்னு பேரைப் படிச்சுப் பார்த்துட்டுப் போடுங்க. அத்தை ரெண்டு தடவை படிச்சாங்க. பின் போட்டாங்க. பாக்கி 75 ரூபாய் போச்சு. ஆஸ்பத்திரி ஆப் இறங்க ஆரம்பிச்சது.

சிலர் கேட்பீங்க, எனக்குச் சந்தாவே வேண்டாம், பேமென்ட் தகவலே இல்லாம வச்சுக்க முடியாதான்னு. முடியும். பேமென்ட் முறையில "நன்"னு ஒரு தேர்வு இருக்கு, எதுவும் வேண்டாம்னு அர்த்தம். ஆனா பாக்கி இருந்தாலோ, சந்தா ஓடிட்டு இருந்தாலோ அது தெரியாது. ஃபேமிலி ஷேரிங்ல பர்ச்சேஸ் ஷேரிங் போட்டு வச்சிருக்கிற குடும்பத் தலைவர் அக்கவுன்ட்லயும் அப்படித்தான். அந்தக் குடும்பத்துல யார் வாங்கினாலும் பணம் அவர்கிட்ட இருந்துதான் போகும். அதனால உங்க போன்ல எல்லாம் சரியா இருந்தும் ஆப் இறங்கலைன்னா, அப்பா போனையோ அண்ணன் போனையோ வாங்கிப் பாருங்க.

ஆண்ட்ராய்டு ஆட்களுக்கு இந்தத் தலைவலி குறைவு. பிளே ஸ்டோர்ல பேமென்ட் தகவல் கேட்டு ஒரு பக்கம் வந்தா, "ஸ்கிப்"பைத் தட்டிட்டு இலவச ஆப்பை இறக்கிக்கலாம். "டவுன்லோட் பெண்டிங்"னு நின்னா அது பெரும்பாலும் நெட் இல்லன்னா ஸ்டோரேஜ் பிரச்சினை. காசு கொடுத்து வாங்கும்போது யூபிஐ பாதியில நின்னா மட்டும், முதல் பணத்தோட கதி தெரியற வரைக்கும் ரெண்டாவது தடவை கட்டாதீங்க.

அத்தைகிட்டப் பேசி முடிச்சுட்டு, நான் என் யூபிஐ ஆப்ல ஆட்டோபே பக்கத்தைத் திறந்தேன். மூணு சந்தா ஓடிட்டு இருந்துச்சு. ஒண்ணு நான் மறந்தே போன ஜிம். அப்பா போன்ல இருக்கிறது யாரோட யூபிஐன்னு யோசிச்சுப் பார்த்தேன். என்னோடதுதான். அதே பழைய அக்கவுன்ட். அப்பாவைக் கூப்பிட்டா தூங்கிட்டாரு.

திங்கட்கிழமை காலையில எட்டரைக்கு அத்தைகிட்ட இருந்து வாட்ஸ்அப். "டாக்டர் பார்த்துட்டாரு. ஒரு மாத்திரையைக் குறைச்சிருக்காரு. மாமா நல்லா இருக்காரு." அதுக்குக் கீழ இன்னொண்ணு: "அந்த 75 ரூவா மாசா மாசம் நானே கட்டிக்கறேன் கண்ணு."

உங்க வீட்லயும் இப்படி ஏதாவது நடந்திருந்தா எழுதி அனுப்புங்க. அடுத்த வாரம் பார்க்கலாம்.